ஐந்தாம் படிகம்

கிறிஸ்மஸ் பலகாரத் தட்டில் இப்போது சாக்லேட்டுக்கும் ஓர் இடம் வந்துவிட்டது. அச்சுமுறுக்கு, கல்கல், முந்திரிக்கொத்து, பிளம் கேக், அவற்றின் ஓரத்தில் வண்ணத்தாளில் சுற்றிய நாலைந்து சாக்லேட். கடையில் வாங்கியதை வைப்பதைவிட வீட்டில் செய்ததை வைத்துக் கொடுப்பதில் தனி நிறைவு இருக்கிறது. செய்முறையும் சுலபம் என்றுதான் சொல்வார்கள்: கட்டியை உருக்கு, அச்சில் ஊற்று, ஃபிரிட்ஜில் வை, தட்டி எடு.

கோகோ வெண்ணெய் மட்டுமே கொழுப்பாகச் சேர்த்த நல்ல சாக்லேட் கட்டி ஒன்றை வாங்கி இதை அப்படியே செய்து பாருங்கள். வாங்கிய கட்டி பளபளவென்று இருந்தது, உடைத்தபோது டக்கென்று ஒலித்தது, விரலில் ஒட்டவில்லை. அச்சில் ஊற்றி எடுத்ததோ மங்கிக் கிடக்கிறது. அச்சைவிட்டு வர மறுக்கிறது. உடைக்கப் போனால் வளைகிறது, தொட்டால் பிசுபிசுக்கிறது. சில நாளில் மேலே சாம்பல் நிறத் திட்டுகள் படர்கின்றன. இடையில் எதையும் சேர்க்கவில்லை, எதையும் எடுக்கவில்லை. உருக்கினோம், மறுபடி உறையவைத்தோம். அதற்குள் எப்படி இது வேறு பண்டமாகிப் போனது?

விடை கோகோ வெண்ணெயில் இருக்கிறது. சாக்லேட் என்பது கொழுப்புக்குள் பரவி நிற்கும் தூள். கோகோவும் சர்க்கரையும், பால் சாக்லேட் என்றால் பால்பொடியும், கண்ணுக்குத் தெரியாத நுண்துகள்களாக அதற்குள் இருக்கின்றன. எடையில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான் கொழுப்பு. ஆனால் ஒவ்வொரு துகளையும் சுற்றி வளைத்துப் பிடித்திருப்பது அதுதான். சாக்லேட் கெட்டியாக நிற்பதும் இளகுவதும் மின்னுவதும் அந்தக் கொழுப்பின் வேலை.

நாம் அன்றாடம் புழங்கும் கொழுப்புகள் பலவகை மூலக்கூறுகளின் கலவை. நெய்யைப் பாருங்கள். பாதி உருகி, பாதி உறைந்து, மணல்மணலாக நிற்கும். அதிலுள்ள மூலக்கூறுகள் வெவ்வேறு சூட்டில் உருகுவதுதான் காரணம். கோகோ வெண்ணெய் இந்த வகையில் அபூர்வமானது. அதில் ஏறக்குறைய ஐந்தில் நான்கு பங்கு மூன்றே மூன்று மூலக்கூறுகள்தான். அந்த மூன்றுக்கும் அமைப்பு ஒன்றே. கிளிசரால் என்ற சிறு தண்டில் மூன்று கொழுப்பு அமிலச் சங்கிலிகள் தொங்கும். நடுச்சங்கிலி ஒலிக் அமிலம். இரு பக்கமும் பால்மிடிக் அமிலமோ ஸ்டியரிக் அமிலமோ இருக்கும். இத்தனை ஒற்றுமை இருப்பதால் உருகுவது என்று வந்தால் எல்லாம் கிட்டத்தட்ட ஒன்றாக உருகிவிடும். விரலில் கெட்டியாக இருந்த சாக்லேட் வாயில் போட்ட சில நொடிகளில் நீராகிவிடுவது இதனால்தான்.

ஆனால் இந்த ஒற்றுமையே ஒரு சிக்கலையும் கொண்டுவருகிறது. கல்யாண மண்டபத்தில் விருந்து முடிந்ததும் பிளாஸ்டிக் நாற்காலிகளை அள்ளி ஒரு மூலையில் குவிக்கலாம். ஒன்றுக்குள் ஒன்றாகச் செருகி அடுக்கவும் செய்யலாம். நாற்காலி அதேதான். குவியல் சட்டென்று முடியும், இடத்தை அடைக்கும், தொட்டால் சரியும். அடுக்குக்குப் பொறுமை வேண்டும், ஆனால் அது அசையாமல் நிற்கும். கோகோ வெண்ணெயின் மூலக்கூறுகளும் உறையும்போது ஒரே விதமாகச் சேர்வதில்லை. எக்ஸ் கதிர்களைக் கொண்டு ஆராய்ந்து, அவை சேரும் விதங்கள் மொத்தம் ஆறு என்று 1966-இல் வில்லி, லட்டன் என்ற இரு ஆய்வாளர்கள் வரிசைப்படுத்தினார்கள். ஒன்று முதல் ஆறு வரை அவர்கள் கொடுத்த எண்களே இன்றும் வழக்கில் உள்ளன. முதல் வடிவம் சுமார் 17 டிகிரி செல்சியஸில் உருகிவிடும். இரண்டாவது 23, மூன்றாவது 25.5, நான்காவது 27.5 டிகிரி. ஐந்தாவது ஏறத்தாழ 34 டிகிரி வரை தாங்கும். ஆறாவது 36 வரை.

இந்த ஆறில் நமக்கு வேண்டியது ஐந்தாவது. அதன் படிகங்கள் நுண்ணியவை, நெருக்கமாக அடுக்கப்பட்டவை. அதனால் மேற்பரப்பு வழவழப்பாகி ஒளி சிதறாமல் திரும்புகிறது, சாக்லேட் மின்னுகிறது. நெருக்கமாக அடுக்கப்படுவதால் மொத்தப் பரிமாணமும் சற்றுச் சுருங்குகிறது. அச்சின் சுவரைவிட்டு மயிரிழை விலகி நிற்பதால், கவிழ்த்துத் தட்டினால் தானாக விழுகிறது. உடைக்கும்போது வளைந்து கொடுக்காமல் ஒலியோடு முறிகிறது. 34 டிகிரி என்பதும் அருமையான எண். விரல் நுனியின் சூடு பெரும்பாலும் அதற்குக் கீழே இருக்கும், வாயின் சூடு அதற்கு மேலே. எனவே எடுக்கும்போது உருகாது, நாக்கில் வைத்தால் நிற்காது. உருகுவதற்கு வேண்டிய வெப்பத்தை நாக்கிலிருந்தே எடுத்துக்கொள்வதால் நல்ல சாக்லேட் உருகும் கணத்தில் நாக்கு லேசாகக் குளிரும். அடுத்த முறை கண்ணை மூடிக்கொண்டு கவனித்துப் பாருங்கள்.

இவ்வளவு நல்ல வடிவம் இருக்கும்போது கொழுப்பு ஏன் நேராக அதற்குப் போவதில்லை? எளிதாக உருவாகும் வடிவம் முந்திக்கொள்கிறது, உறுதியான வடிவம் பிந்துகிறது. இயற்கையில் பல பொருள்கள் இப்படித்தான் படிப்படியாக இறங்குகின்றன என்று ஜெர்மன் வேதியியலர் வில்ஹெல்ம் ஓஸ்ட்வால்ட் 1897-இலேயே சொல்லிவைத்தார். உருகிய சாக்லேட்டை ஃபிரிட்ஜுக்குள் திடீரென்று தள்ளும்போது மூலக்கூறுகளுக்கு அவகாசமே கிடைப்பதில்லை. கிடைத்தபடி சேர்ந்துவிடுகின்றன. மங்கலான, வளைகிற, பிசுபிசுக்கிற சாக்லேட் கீழ்வடிவங்களின் வேலை.

நம் ஊர்களின் வெப்பநிலையை இந்த எண்களோடு வைத்துப் பார்த்தால் எனக்கு வியப்பு அடங்குவதில்லை. சென்னையில் டிசம்பர் நண்பகல் 29 டிகிரியைத் தொடும். முதல் நான்கு வடிவங்களும் அந்தச் சூட்டில் நிற்கவே முடியாது. ஐந்தாவதும் ஆறாவதும் மட்டும் நிற்கும். ஆகவே சென்னையில் வீட்டில் செய்த சாக்லேட் மேசைமேல் இருக்குமா, தட்டில் வழியுமா என்பதை முடிவு செய்வது படிகம்தான். 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊட்டியில் கதையே வேறு. அங்கே டிசம்பர் பகலே 20 டிகிரியை ஒட்டித்தான் இருக்கும். முதலாவதைத் தவிர மற்றக் கீழ்வடிவங்கள்கூட அங்கே கெட்டியாக உட்கார்ந்திருக்கும். ஊட்டியும் கொடைக்கானலும் வீட்டுச் சாக்லேட்டுக்குப் பேர்போன ஊர்களானதில் அந்தக் குளிருக்கும் பங்கு உண்டு. ஆனால் படிகம் சரியாக அமையாத சாக்லேட்டை வாங்கிக்கொண்டு மேட்டுப்பாளையம் இறங்கினால், மலைமேல் மறைந்திருந்த குறை பைக்குள்ளேயே வெளிப்பட்டுவிடும். மே மாதச் சென்னையின் 40 டிகிரியில் ஆறு வடிவங்களும் ஒன்றுதான். எல்லாம் உருகும்.

உருகாத சாக்லேட் செய்யவே முடியாதா என்றால், செய்திருக்கிறார்கள். 1937-இல் அமெரிக்க ராணுவத்துக்காக ஹெர்ஷி நிறுவனம் ஓட்ஸ் மாவு சேர்த்து ஒரு கட்டியைத் தயாரித்தது. கடும் வெயிலிலும் உருகக்கூடாது, வேகவைத்த உருளைக்கிழங்கைவிடக் கொஞ்சம்தான் ருசியாக இருக்க வேண்டும் என்பது ராணுவத்தின் நிபந்தனை. ருசியாக இருந்தால் வீரர்கள் அவசரத்துக்கு வைத்துக்கொள்ளாமல் முன்பே தின்றுவிடுவார்கள் என்ற கவலை. கட்டி உருகவில்லை. வாயிலும் உருகவில்லை. பல்லால் கடிக்க முடியாமல் கத்தியால் சீவித் தின்றார்கள். உருகும் தன்மையை எடுத்துவிட்டால் சாக்லேட்டில் மீதியிருப்பது எவ்வளவு குறைவு என்பதற்கு இதைவிட நல்ல சான்று கிடைக்காது.

மூலக்கூறுகளை ஐந்தாம் வடிவத்துக்குக் கொண்டுசேர்க்கும் கலைக்கு டெம்பரிங் என்று பெயர். பெரிய ஆலைகளில் இதற்கென்றே இயந்திரம் இருக்கிறது. வீட்டில் ஒரு பாத்திரமும் கரண்டியும் வெப்பமானியும் போதும். வெப்பமானி இல்லாமல் முயல்வதை நான் பரிந்துரைக்க மாட்டேன். இங்கே நல்லதுக்கும் கெட்டதுக்கும் இடையே இரண்டு மூன்று டிகிரிதான் வித்தியாசம், கைப்பக்குவத்துக்கு அது எட்ட வருடங்கள் ஆகும்.

டார்க் சாக்லேட்டைப் பொடியாக நறுக்கி மூன்றில் ஒரு பங்கைத் தனியே எடுத்துவையுங்கள். மீதியை ஒரு கிண்ணத்தில் போட்டு, கொதிக்காத வெந்நீர்ப் பாத்திரத்தின்மேல் வைத்து 45 டிகிரியைத் தாண்டும் வரை உருக்குங்கள். கிண்ணத்தின் அடி நீரில் படக்கூடாது. 50 டிகிரிக்கு மேல் போகவும் வேண்டாம். இந்தச் சூட்டில் பழைய படிகங்கள் எல்லாம் கரைந்து, கொழுப்பு தன் முந்தைய அமைப்பை முற்றிலும் மறந்துவிடுகிறது. அடுப்பிலிருந்து இறக்கி, எடுத்துவைத்த துண்டுகளைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுக் கிளறுங்கள்.

அந்தத் துண்டுகள்தான் விஷயம். அவை ஆலையில் ஏற்கெனவே டெம்பரிங் ஆனவை, ஐந்தாம் வடிவப் படிகங்களைத் தாங்கியவை. சூடான சாக்லேட்டில் விழுந்ததும் முதல் துண்டுகள் முழுக்கக் கரைந்து போகும். சூடு 34 டிகிரிக்குக் கீழே இறங்கிய பிறகு விழும் துண்டுகளிலிருந்து சிறு சிறு படிகங்கள் கரையாமல் தங்கும். இவை விதைகள். சுற்றியுள்ள மூலக்கூறுகள் புதிதாக ஒரு வடிவத்தைத் தேடாமல் இந்த விதைகளின்மேல் அதே ஒழுங்கில் வந்து ஒட்டிக்கொள்கின்றன. கிளறுவதை நிறுத்தக்கூடாது என்பதற்குக் காரணம் இதுதான். ஒவ்வொரு சுழற்சியும் விதைகளைப் பாத்திரம் முழுக்கக் கொண்டுபோகிறது, பெரிய படிகங்களை உடைத்து மேலும் விதைகளாக்குகிறது. 31, 32 டிகிரிக்கு வரும்போது நிறுத்துங்கள். அந்தச் சூட்டில் நான்காம் வடிவம் உயிர்பிழைக்காது, ஐந்தாம் வடிவம் கரையாது. இரண்டுக்கும் நடுவே உள்ள அந்தச் சிறு இடைவெளியில்தான் மொத்த வேலையும் நடக்கிறது. பால் சாக்லேட்டுக்கு 29 அல்லது 30 டிகிரி, வெள்ளைச் சாக்லேட்டுக்கு அதிலும் ஒரு டிகிரி குறைவு. பால்கொழுப்பு கலந்திருப்பதால் படிகங்கள் கொஞ்சம் முன்னதாகவே இளகும்.

இந்தக் கட்டத்தில் சாக்லேட் பார்வைக்கு இன்னும் திரவம்தான். கொழுப்பில் ஒருசில சதவீதம்தான் படிகமாகியிருக்கும். ஆனால் அந்தச் சிறுபான்மை மீதி அனைத்தையும் தன் வழிக்கு இழுத்துக்கொள்ளும். கத்தி முனையைத் தோய்த்து எடுத்து, 20 டிகிரியை ஒட்டிய அறையில் வைத்துப் பாருங்கள். ஐந்து நிமிடத்துக்குள் கோடு கோடாக இல்லாமல் பளிச்சென்று உறைந்தால் சாக்லேட் தயார். அச்சைப் பஞ்சால் துடைத்து, ஊற்றி, மேசையில் தட்டிக் காற்றுக்குமிழிகளை வெளியேற்றுங்கள். உறையும்போது சாக்லேட்டே கொஞ்சம் வெப்பத்தை வெளிவிடும். அதை அகற்ற ஒரு பத்து நிமிடம் ஃபிரிட்ஜில் வைப்பது தவறில்லை. விதை விழுந்த பிறகு குளிர் நமக்கு உதவும், விதை இல்லாதபோதுதான் கெடுக்கும். சமவெளியில் இருப்பவர்கள் இந்த வேலையை விடியற்காலையிலோ ஏசி அறையிலோ வைத்துக்கொள்வது நல்லது.

இவ்வளவையும் கெடுக்க ஒரே ஒரு சொட்டு நீர் போதும். வெந்நீர்ப் பாத்திரத்தின் ஆவி கிண்ணத்தின் விளிம்பில் துளியாகி உள்ளே வழிந்தால், ஓடிக்கொண்டிருந்த சாக்லேட் சட்டென்று திரண்டு, வறண்ட களியாகிவிடும். திரவத்தில் திரவம் சேர்ந்தால் ஏன் கெட்டியாக வேண்டும்? சாக்லேட்டில் நீர் இல்லையென்றே சொல்லலாம். சர்க்கரைத் துகள்கள் கொழுப்புக்குள் ஒன்றையொன்று தொடாமல் வழுக்கிக்கொண்டிருக்கின்றன. நீர் பட்டதும் துகள்களின் மேற்பரப்பு கரைந்து பாகாகிறது. பாகு பூசிய துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டி வலையாகப் பிணைந்து கொள்கின்றன. இன்னும் நீரோ பாலோ சேர்த்துக்கொண்டே போனால் சர்க்கரை நன்றாகக் கரைந்து, அந்த வலை அவிழ்ந்து, களி மறுபடி குழம்பாகிவிடும். அச்சில் ஊற்ற அது உதவாது. கேக்கின்மேல் ஊற்ற அருமையாக இருக்கும். பிரெஞ்சு வேதியியலர் எர்வே தீஸ் 1995-இல் இதையே ஒரு பண்டமாக்கினார். சாக்லேட்டையும் நீரையும் மட்டும் சேர்த்து உருக்கி, பனிக்கட்டியின்மேல் வைத்து அடித்தார். பாலாடையும் முட்டையும் இல்லாமலே நுரைத்து நின்றது. அதற்கு சாக்லேட் ஷான்டிலி என்று பெயர்.

நம் ஊர் வகுப்புகளில் சொல்லித்தரும் வீட்டுச் சாக்லேட்டுக்கு இந்தப் பாடு எதுவும் தேவைப்படுவதில்லையே என்று சிலர் கேட்கலாம். அவர்கள் பயன்படுத்துவது பெரும்பாலும் காம்பவுண்ட். அதில் கோகோ வெண்ணெய்க்குப் பதிலாகப் பனைவிதை எண்ணெயிலிருந்து செய்த கெட்டிக் கொழுப்பு இருக்கும். அந்தக் கொழுப்பு தானாகவே நல்ல வடிவத்தில் உறைந்துவிடும், விதை கேட்காது. குழந்தைகளோடு உட்கார்ந்து செய்யவும், வெயில் ஊர்களுக்கும் அது வசதிதான். ஆனால் நாக்கில் வைத்த நொடியில் மறையும் அந்த உருகுதல் அதில் முழுதாக வருவதில்லை, மெழுகுத்தன்மை கொஞ்சம் தங்கிவிடும். இரண்டையும் பாதிப்பாதியாகக் கலந்து உருக்குவதை மட்டும் தவிர்த்துவிடுங்கள். இரு கொழுப்பும் ஒன்றின் அடுக்கை ஒன்று கெடுக்கும். தனித்தனியே இருந்ததைவிட மென்மையாகவும் சீக்கிரம் வெளுத்துப்போவதாகவும் அந்தக் கலவை ஆகிவிடும்.

இன்னும் ஒரு படி பின்னால் போய், கோகோ விதையிலிருந்தே செய்கிறவர்களும் இருக்கிறார்கள். பொள்ளாச்சி, ஆனைமலைப் பக்கம் தென்னந்தோப்புகளில் கோகோ ஊடுபயிராக வளர்கிறது. பச்சை விதையைக் கடித்தால் கசக்கும், துவர்க்கும், சாக்லேட் மணம் துளியும் இருக்காது. விதைகளை வெள்ளைச் சதையோடு குவித்து ஐந்தாறு நாள் புளிக்கவிடுவார்கள். முதலில் ஈஸ்ட் வேலை செய்யும், பிறகு அமிலம் உண்டாக்கும் பாக்டீரியாக்கள் வரும். குவியல் 45 டிகிரிக்கு மேல் சூடாகும், அந்தச் சூட்டிலும் அமிலத்திலும் விதையின் முளை இறந்துபோகும். அதன்பின் விதைக்குள் நடக்கும் மாற்றங்களில்தான் மணத்தின் மூலப்பொருள்கள் பிறக்கின்றன. வறுக்கும்போது அவை மணமாகின்றன.

வறுத்ததை அரைப்பதற்கு உலகம் கோவைக்குத்தான் வந்தது. துகள் 30 மைக்ரானுக்கு மேல் இருந்தால் நாக்கு அதை மணலாக உணரும். நல்ல சாக்லேட்டில் அது சுமார் 20 மைக்ரான், அதாவது ஒரு மில்லிமீட்டரில் ஐம்பதில் ஒரு பங்கு. பெரிய ஆலைகளுக்கு இதற்கான உருளைகள் இருந்தன. 2000-களின் நடுவில் அமெரிக்காவில் வீட்டுக் கொட்டகையில் சாக்லேட் செய்யத் தொடங்கியவர்களுக்கு எதுவும் இல்லை. இட்லிக்கு மாவரைக்கும் கல் கிரைண்டர் அவர்கள் கண்ணில் பட்டது. அடியில் கருங்கல், மேலே உருளும் கருங்கல், நடுவில் அகப்பட்ட எதையும் நைஸாக்கிவிடும். ஒரு நாள் முழுக்க, சில சமயம் இரண்டு நாள், நிற்காமல் ஓடவிட்டால் விதையும் சர்க்கரையும் மைபோல் ஆகிவிடுகின்றன. சூட்டுக்கும் நீண்ட ஓட்டத்துக்கும் ஏற்ப மோட்டாரையும் பாகங்களையும் மாற்றிய கிரைண்டர்கள் இன்று பல நாடுகளின் சிறு சாக்லேட் பட்டறைகளில் ஓடுகின்றன. புவிசார் குறியீடு பெற்ற கோவை வெட் கிரைண்டரின் வழியில் வந்தவை அவை. வீட்டுக் கிரைண்டரில் இதை முயல வேண்டாம். அரைமணி நேரம் மாவரைக்கச் செய்த மோட்டார் ஒரு நாள் ஓட்டத்தைத் தாங்காது.

டெம்பரிங்கின் தேவையையே ஒழிக்க முடியுமா என்ற ஆராய்ச்சியும் நடக்கிறது. கனடாவின் குவெல்ஃப் பல்கலைக்கழகத்தில் அலெஹாண்ட்ரோ மரங்கோனியின் குழு 2021-இல் ஒரு வழியைக் காட்டியது. ஒருவகை பாஸ்போலிப்பிட்டை மிகச் சிறிய அளவில் உருகிய சாக்லேட்டில் சேர்த்து 20 டிகிரியில் நேராகக் குளிரவைத்தார்கள். ஏற்றி இறக்கும் வேலை இல்லாமலே ஐந்தாம் வடிவம் அமைந்தது. அது சமையலறைக்கு வந்துசேர்ந்தால் மகிழ்ச்சிதான். அதுவரை வெப்பமானியும் கரண்டியும்.

செய்து முடித்ததைப் புத்தாண்டு வரை காப்பாற்றுவது கடைசி வேலை. சாக்லேட்டின்மேல் வெள்ளை படர்ந்தால் பூஞ்சை என்று நினைத்துப் பலர் எறிந்துவிடுகிறார்கள். பெரும்பாலும் அது கொழுப்பு. சூடும் குளிரும் மாறி மாறி வந்தால் கொழுப்பின் ஒரு பகுதி உருகி, மேற்பரப்புக்கு வந்து, பெரிய படிகங்களாக உறையும். நன்றாகச் செய்த சாக்லேட்டிலும் மாதக்கணக்கில் ஐந்தாம் வடிவம் மெல்ல ஆறாவதாக மாறி வெளுக்கும். பாதாமும் முந்திரியும் வைத்தவை இன்னும் சீக்கிரம் வெளுக்கும், அவற்றின் எண்ணெய் சாக்லேட்டுக்குள் ஊடுருவுவதே காரணம். 2015-இல் ஹாம்பர்க்கில் எக்ஸ் கதிர்களின் வழியே இதைப் பார்த்தவர்கள், சாக்லேட்டின் நுண்துளைகளில் எண்ணெய் சில விநாடிகளிலேயே புகுந்துவிடுவதைக் கண்டார்கள். எனவே பருப்பு வைத்ததை முதலில் கொடுத்துவிடுங்கள், வெறும் சாக்லேட் காத்திருக்கும்.

தொட்டால் சொரசொரவென்று இருக்கும் வெள்ளை வேறு. அது சர்க்கரை. ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த சாக்லேட்டின்மேல் நம் கடலோரக் காற்றின் ஈரம் துளிர்த்து, சர்க்கரையைக் கரைத்து, உலர்ந்தபின் விட்டுப்போன தடம். ஃபிரிட்ஜில்தான் வைக்க வேண்டும் என்றால் காற்றுப்புகாத டப்பாவில் வையுங்கள். வெளியே எடுத்ததும் மூடியைத் திறக்காமல், டப்பாவின் குளிர் முழுதும் போகும்வரை விட்டுவையுங்கள். ஈரம் டப்பாவின் வெளிப்புறத்தில் துளிர்க்கட்டும். அது காய்ந்த பிறகு திறந்து தட்டில் அடுக்கலாம்.